பிரேசிலின் துப்பாக்கிச் சட்டம்: தேவையை நிரூபிக்க வேண்டியவர் யார்?

துப்பாக்கியொன்றை வாங்க விரும்பும் பிரஜையைப் பார்த்து, 'இது உமக்கு எதற்கு?' என்று கேட்கும் உரிமை அரசுக்கு உண்டா? உண்டெனில், தனது தேவையை நிரூபிக்கும் பொறுப்பு பிரஜையைச் சேர்ந்ததா? அல்லது தேவை உண்டென்று அரசு தானாகவே கருதிக்கொள்ள வேண்டுமா? தென் அமெரிக்காவின் மிகப் பெரிய நாடாகிய பிரேசிலில் இருபது ஆண்டுகளுக்கும் மேலாக நடைபெற்றுவரும் துப்பாக்கி விவாதத்தின் உள்ளடக்கம், சுருங்கக் கூறின், இக்கேள்வியேயாகும். ஒரு சட்டம், ஒரு சர்வஜன வாக்கெடுப்பு, பல ஜனாதிபதி ஆணைகள், பல நீதிமன்றத் தீர்ப்புகள் என்று நீண்டு செல்லும் இவ்விவகாரத்தை, அந்நாட்டின் அரசியலைத் தொலைவிலிருந்து நோக்குவோர் பெரும்பாலும் தவறாகவே விளங்கிக்கொள்கின்றனர். பிரேசில் மக்கள் 2005 இல் துப்பாக்கிக் கட்டுப்பாட்டை நிராகரித்துவிட்டனர் என்று எண்ணுவோர் உளர். ஜயீர் பொல்சனாரோவின் ஆட்சியில் அச்சட்டம் நீக்கப்பட்டுவிட்டது என்று எண்ணுவோரும் உளர். இரண்டும் உண்மையல்ல. 2003 இல் இயற்றப்பட்ட சட்டம் இன்றும் நடைமுறையில் உள்ளது. அதன் வாசகங்களை எவ்வாறு பொருள்கொள்வது என்பதே ஆட்சிக்கு ஆட்சி மாறிவந்துள்ளது. ஆகவே, அந்தச் சட்டம் என்ன கூறுகின்றது என்பதிலிருந்தே நாம் தொடங்குவது பொருத்தமாகும்.

சட்டம் பிறந்த சூழல்

கடந்த நூற்றாண்டின் பெரும்பகுதியில் பிரேசிலில் அனுமதியின்றித் துப்பாக்கியைக் கொண்டு திரிவது பாரிய குற்றமாகக் கருதப்படவில்லை. 1941 ஆம் ஆண்டின் சட்டமொன்று அதனைச் சிறு குற்றங்களின் வரிசையிலேயே வைத்திருந்தது. பதிவுகளும் மாநிலங்கள் தோறும் சிதறிக் கிடந்தன. ஒரு மாநிலத்தில் விற்கப்பட்ட துப்பாக்கி மற்றொரு மாநிலத்தில் கொலைக்குப் பயன்படுத்தப்பட்டால், அது எவருடையது என்று கண்டறிவது இலகுவான காரியமாக இருக்கவில்லை.

1997 இல் இந்நிலை மாறத் தொடங்கியது. அவ்வாண்டு நிறைவேற்றப்பட்ட சட்டம், அனுமதியற்ற துப்பாக்கியைக் கொண்டு திரிவதை முறையான குற்றமாக்கியதுடன், சமஷ்டிப் பொலிஸின் கீழ் தேசிய ஆயுதப் பதிவு முறையொன்றையும் உருவாக்கியது. ஆயினும் கொலைகள் குறையவில்லை. றியோ டி ஜெனீரோவினதும் சாவோ பவுலோவினதும் புறநகர்க் குடியிருப்புகளில் இளைஞர்கள் நாளாந்தம் சுட்டுக் கொல்லப்பட்டுக் கொண்டிருந்தனர். இரண்டாயிரமாம் ஆண்டின் தொடக்கத்தில் நாடு முழுவதிலும் வருடாந்தம் ஏறத்தாழ ஐம்பதாயிரம் பேர் கொலையுண்டனர். அவர்களுள் மிகப் பெரும்பாலானோரின் உயிரைப் பறித்தது துப்பாக்கியே. இந்தப் பின்னணியிலேயே 2003 டிசெம்பர் 22 ஆம் திகதி, ஜனாதிபதி லூலா டா சில்வாவின் முதலாவது பதவிக் காலத்தில், 10,826 ஆம் இலக்கச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. 'ஆயுதக் களைவுச் சட்டம்' என்ற பெயரே அதற்கு நிலைத்துவிட்டது.

நிபந்தனைகள்

இச்சட்டம் சாதாரண பிரஜை துப்பாக்கி வைத்திருப்பதை முற்றாகத் தடை செய்யவில்லை. அதற்கான வாயிலை ஒடுக்கியது. துப்பாக்கி வாங்க விரும்புபவர் இருபத்தைந்து வயதைப் பூர்த்தி செய்திருக்க வேண்டும். சமஷ்டி, மாநில, இராணுவ மற்றும் தேர்தல் நீதிமன்றங்களிலிருந்து தமக்கெதிராகக் குற்றப் பதிவுகள் இல்லை என்ற சான்றிதழ்களைப் பெற்றுச் சமர்ப்பிக்க வேண்டும். பொலிஸ் விசாரணையோ குற்றவியல் வழக்கோ அவர்மீது நிலுவையில் இருத்தலாகாது. சட்டபூர்வமான தொழிலும் நிலையான வதிவிடமும் உண்டென்பதற்கு ஆவணங்கள் தேவை. துப்பாக்கியைக் கையாளும் திறமைக்கு அங்கீகாரம் பெற்ற பயிற்றுநரும், மனநிலைப் பொருத்தத்துக்கு அங்கீகாரம் பெற்ற உளவியலாளரும் சான்றளிக்க வேண்டும். இவையனைத்துக்கும் மேலாக, துப்பாக்கி தமக்கு உண்மையாகவே தேவைப்படுகின்றது என்பதை விண்ணப்பதாரர் எடுத்துரைக்க வேண்டும். 'உண்மையான தேவை' என்ற அந்த நிபந்தனையே பின்னர் எழுந்த சகல சர்ச்சைகளுக்கும் மையமாயிற்று.

விண்ணப்பம் ஏற்கப்பட்டால் முதலில் வாங்குவதற்கான அனுமதியும், பின்னர் ஒவ்வொரு துப்பாக்கிக்கும் தனித்தனியான பதிவுச் சான்றிதழும் வழங்கப்படும். பதிவு செய்யப்பட்ட துப்பாக்கிக்குரிய ரவைகளை மாத்திரமே வாங்கலாம். விற்பனை நிலையம் ஒவ்வொரு விற்பனையையும் அதிகாரிகளுக்கு அறிவிக்கக் கடமைப்பட்டது. ஒருவர் தமது துப்பாக்கியை நண்பருக்கோ உறவினருக்கோ விற்பதற்கும் முன்னனுமதி வேண்டும். பதிவைக் காலத்துக்குக் காலம் புதுப்பிக்கும்போது சான்றுகளையும் மீண்டும் சமர்ப்பிக்க வேண்டும்.

அசல் துப்பாக்கி என்று தோன்றக்கூடிய விளையாட்டுத் துப்பாக்கிகளைத் தயாரிப்பதையும் விற்பதையும் இறக்குமதி செய்வதையும்கூட இச்சட்டம் தடை செய்கின்றது. போலித் துப்பாக்கியைக் காட்டிக் கொள்ளையிடுவது வழக்கமாகியிருந்த ஒரு நாட்டில் இது சிறு விடயமன்று.

வீட்டுக்குள்ளும் வெளியிலும்

பிரேசிலின் சட்டத்தை விளங்கிக்கொள்வதற்கு அது பேணும் ஒரு வேறுபாட்டை மனதிற் கொள்ளுதல் அவசியம். துப்பாக்கியை வைத்திருப்பது ஒன்று. அதனைக் கொண்டு திரிவது வேறொன்று. பதிவுச் சான்றிதழ் பெற்றவர் தமது துப்பாக்கியை வீட்டிலோ, தாம் உரிமையாளராக அல்லது சட்டபூர்வ பொறுப்பாளராக உள்ள தொழிலகத்திலோ வைத்திருக்கலாம். அதனை இடுப்பில் செருகிக்கொண்டு வீதியில் இறங்குவதற்கு அச்சான்றிதழ் இடமளிக்காது. 2019 செப்டெம்பரில் இயற்றப்பட்ட மற்றொரு சட்டம், கிராமப்புறத்தில் 'வீடு' என்பது காணியின் முழுப் பரப்பையும் உள்ளடக்கும் என்று விரித்தது. பண்ணை உரிமையாளர்களின் நீண்டகாலக் கோரிக்கை அது.

துப்பாக்கியைக் கொண்டு திரிவது நாடு முழுவதும் பொதுவாகத் தடை செய்யப்பட்டுள்ளது. ஆயுதப் படையினர், பொலிஸார், சிறைக் காவலர், தனியார் பாதுகாப்பு நிறுவனங்களின் ஊழியர் முதலிய, சட்டத்தில் பெயர் குறிப்பிடப்பட்ட பிரிவினரே விதிவிலக்குப் பெறுகின்றனர். ஏனையோர் தமது தொழில் ஆபத்து மிக்கது என்றோ தமது உயிருக்கு அச்சுறுத்தல் உண்டென்றோ சமஷ்டிப் பொலிஸுக்கு நிரூபித்தால், குறித்த காலத்துக்கும் குறித்த பிரதேசத்துக்கும் மட்டுப்படுத்தப்பட்ட அனுமதி கிடைக்கலாம். மதுபோதையிலோ போதைப்பொருளின் பாதிப்பிலோ துப்பாக்கியுடன் பிடிபட்டால் அவ்வனுமதி தானாகவே இரத்தாகும்.

வறிய கிராமவாசிகளையும் சட்டம் மறந்துவிடவில்லை. குடும்பத்தின் உணவுக்காக வேட்டையாட வேண்டிய நிலையிலுள்ளவர், அதனை நிரூபித்தால், ஒரு குழாய் அல்லது இரு குழாய் கொண்ட, 16 ஆம் இலக்கத்துக்கு மேற்படாத எளிய வேட்டைத் துப்பாக்கிக்கு 'பிழைப்புக்காக வேட்டையாடுபவர்' என்ற வகையில் அனுமதி பெறலாம். அமேசன் காட்டோரங்களில் வாழ்வோருக்கு இதன் பெறுமதி விளங்கும்.

தண்டனைகளும் இவ்வேறுபாட்டையே பின்பற்றுகின்றன. பதிவற்ற சாதாரண துப்பாக்கியை வீட்டில் வைத்திருந்தால் ஒன்று முதல் மூன்று வருடச் சிறை. அதனை அனுமதியின்றிக் கொண்டு திரிந்தால் இரண்டு முதல் நான்கு வருடங்கள். கட்டுப்படுத்தப்பட்ட ரக ஆயுதமாயின் மூன்று முதல் ஆறு வருடங்கள். சட்டவிரோத வியாபாரத்துக்கும் நாடுகடந்த கடத்தலுக்குமான தண்டனைகள் 2019 டிசெம்பரில் மேலும் கடுமையாக்கப்பட்டன. பதினெட்டு வயதுக்குட்பட்டவரின் கைக்கு எட்டும்படி துப்பாக்கியைக் கவனயீனமாக விட்டுவைப்பதும் குற்றமே. இந்த இறுதி விதியின் நியாயத்தை 2022 நவம்பரில் அரக்ரூஸ் நகரில் நடந்த துயரம் எடுத்துக்காட்டியது. பதினாறு வயதுச் சிறுவனொருவன் பொலிஸ் உத்தியோகத்தரான தனது தந்தையின் துப்பாக்கிகளை எடுத்துச் சென்று இரு பாடசாலைகளில் சுட்டதில் நால்வர் உயிரிழந்தனர். உரிய அனுமதியுள்ளவரின் வீட்டிலிருந்தே அத்துப்பாக்கிகள் வெளியேறின.

மக்கள் தீர்ப்பும் அதன் எல்லையும்

சட்டம் நிறைவேறியவுடன், மக்கள் தமது துப்பாக்கிகளைத் தாமாகவே கையளிக்கும் இயக்கமொன்று தொடங்கப்பட்டது. ஆயுதத்தின் வகைக்கேற்ப 100 முதல் 300 ரியால் வரை வழங்கப்பட்டது. 2004 நடுப்பகுதிக்கும் 2005 இறுதிக்கும் இடையில் ஏறக்குறைய நான்கரை இலட்சம் துப்பாக்கிகள் கையளிக்கப்பட்டன. அரசாங்கம் எதிர்பார்த்ததை விட இது பன்மடங்காகும். 2004 இல் கொலைகளின் எண்ணிக்கையும், பல்லாண்டு காலத் தொடர் உயர்வுக்குப் பின்னர், முதற்தடவையாகக் குறைந்தது.

சட்டத்தின் 35 ஆவது பிரிவு இன்னுமொரு படி முன்னே சென்றிருந்தது. பொதுமக்களுக்குத் துப்பாக்கியும் ரவையும் விற்பதை முற்றாகத் தடை செய்யும் அப்பிரிவு, மக்களின் அங்கீகாரத்தைப் பெற்றாலன்றி நடைமுறைக்கு வராது என்று சட்டமே விதித்திருந்தது. அதன்படி 2005 ஒக்டோபர் 23 ஆம் திகதி சர்வஜன வாக்கெடுப்பு நடைபெற்றது. துப்பாக்கி, ரவை வர்த்தகம் தடை செய்யப்பட வேண்டுமா என்பதே கேள்வி. ஆரம்பத்தில் எடுக்கப்பட்ட கருத்துக் கணிப்புகள் 'ஆம்' தரப்பின் வெற்றியையே எதிர்வுகூறின. கத்தோலிக்க ஆயர் பேரவையும் தடையை ஆதரித்தது. எனினும் 63.94 வீதமானோர் 'இல்லை' என்று வாக்களித்தனர். ஒரு மாநிலத்திலேனும் 'ஆம்' வெல்லவில்லை.

இந்தத் திருப்பத்துக்குக் காரணங்கள் பல. 'இல்லை' தரப்பின் பிரசாரத்துக்கு நிதி வழங்கியோரில் முதன்மையானவை நாட்டின் துப்பாக்கி உற்பத்தி நிறுவனமான டோரஸும் ரவை உற்பத்தி நிறுவனமான சிபிசியும் என்பது உண்மையே. ஆயினும் பணம் மாத்திரமே அத்தீர்ப்பை வாங்கியது என்று கூறுவது மக்களை அவமதிப்பதாகும். அவ்வாண்டு நடுப்பகுதியில் வெடித்த பாராளுமன்ற இலஞ்ச விவகாரம் அரசாங்கத்தின் மீதான நம்பிக்கையை ஆட்டங்காணச் செய்திருந்தது. பொலிஸ் உரிய வேளையில் வரும் என்ற நம்பிக்கையும் மக்களிடம் இருக்கவில்லை. தம்மைக் காக்க முடியாத அரசு தமது கையிலுள்ள உரிமையை மட்டும் ஏன் பறிக்க வேண்டும் என்று 'இல்லை' தரப்பினர் கேட்டனர். அக்கேள்வி மத்தியதர வர்க்கத்தினரை மட்டுமன்றி வறியவர்களையும் தொட்டது.

இங்கு தெளிவுபடுத்த வேண்டியது யாதெனில், மக்கள் நிராகரித்தது 35 ஆவது பிரிவை மாத்திரமே. ஏனைய விதிகளனைத்தும் அப்படியே நின்றன. 2007 மே மாதத்தில் சமஷ்டி உயர் நீதிமன்றமும், சில குற்றங்களுக்குப் பிணை மறுக்கும் விதிகளை மட்டும் நீக்கிவிட்டு, சட்டத்தின் பெரும்பகுதி அரசியலமைப்புக்கு இணங்கியது என்று தீர்த்தது. பாராளுமன்றத்தில் 'ரவை அணி' என்று அழைக்கப்படும் துப்பாக்கி ஆதரவு உறுப்பினர்கள் இச்சட்டத்தை முற்றாக மாற்றும் சட்டமூலமொன்றை 2012 இல் முன்வைத்தனர். அது 2015 இல் விசேட குழுவொன்றில் ஏற்கப்பட்ட போதிலும் சபையில் நிறைவேறவில்லை.

ஆணைகளின் காலம்

பாராளுமன்றத்தினால் செய்ய முடியாததைப் பேனாவினால் செய்ய முடியும் என்று காட்டியவர் பொல்சனாரோ. விரல்களைத் துப்பாக்கி போல் நீட்டிக் காட்டுவதையே தமது தேர்தல் சின்னம் போலாக்கி 2018 இல் வெற்றிபெற்ற அவர், பதவியேற்று இரண்டு வாரங்களுக்குள், 2019 ஜனவரி 15 ஆம் திகதி, முதலாவது ஆணையைப் பிறப்பித்தார். இலட்சம் பேருக்குப் பத்துக்கு மேற்பட்ட கொலைகள் நிகழும் மாநிலங்களில் வசிப்போருக்கு 'உண்மையான தேவை' உண்டென்று கருதப்படும் என்று அது கூறியது. அடிப்படையாகக் கொள்ளப்பட்ட புள்ளிவிபரத்தின்படி எல்லா மாநிலங்களுமே அந்த அளவைத் தாண்டியிருந்தன. ஆக, சட்டத்தில் ஒரு சொல்லும் மாறாமலே, தேவையை நிரூபிக்கும் பொறுப்பு பிரஜையின் தோளிலிருந்து இறக்கப்பட்டது. நான்கு துப்பாக்கிகள் வரை இவ்வாறு வாங்கலாம் என்றாயிற்று. பதிவின் செல்லுபடிக் காலமும் பத்து வருடங்களாக நீட்டப்பட்டது.

அதனைத் தொடர்ந்து ஆணை மேல் ஆணையாக வந்தது. துப்பாக்கியைக் கொண்டு திரியும் உரிமையைப் பல தொழிற்பிரிவினருக்கு விரிவுபடுத்திய 2019 மே மாத ஆணையை, அடுத்த மாதமே செனட் சபை 47 க்கு 28 என்ற வாக்குகளால் நிராகரித்தது. ஜனாதிபதி அதனைத் தாமே மீளப்பெற்றுக்கொண்டு, வேறு வடிவில் புதிய ஆணைகளைப் பிறப்பித்தார். முன்னர் படையினருக்கும் பொலிஸாருக்கும் ஒதுக்கப்பட்டிருந்த ஒன்பது மில்லிமீற்றர் கைத்துப்பாக்கி போன்றவை பொதுமக்களுக்கும் திறந்துவிடப்பட்டன.

மிகப் பெரிய மாற்றம் நிகழ்ந்தது வேறொரு வாயிலில். ஆயுதம் சேகரிப்போர், குறிசுடும் விளையாட்டு வீரர், வேட்டைக்காரர் ஆகிய மூன்று பிரிவினர் பொலிஸின் பதிவிலன்றி இராணுவத்தின் பதிவிலேயே இருந்துவந்தனர். இவர்கள் தனிப்பட்ட ஆபத்தை நிரூபிக்க வேண்டியதில்லை. கழகமொன்றில் உறுப்புரிமை பெற்றால் போதுமானது. புதிய ஆணைகளின் கீழ் குறிசுடும் வீரரொருவர் அறுபது துப்பாக்கிகள் வரை வைத்திருக்கலாம் என்றாகியது. அவற்றுள் முப்பது கட்டுப்படுத்தப்பட்ட ரகத்தைச் சேர்ந்தவையாக இருக்கலாம். 2018 இல் ஒரு இலட்சத்து இருபதாயிரத்துக்கும் குறைவாக இருந்த இம்மூன்று பிரிவினரின் தொகை 2022 இறுதியில் ஏழு இலட்சத்தைத் தாண்டியது. இவர்கள் அனைவரும் விளையாட்டின் மீது திடீர்க் காதல் கொண்டவர்கள் என்று நம்புவது கடினம்.

இராணுவத்தின் மேற்பார்வை எத்தகையது என்பதை நாட்டின் கணக்காய்வு நீதிமன்றம் பின்னர் ஆராய்ந்தது. குற்றத்தீர்ப்புப் பெற்ற ஐயாயிரத்துக்கும் மேற்பட்டோர் இப்பதிவைப் பெற்றோ புதுப்பித்தோ தக்கவைத்தோ இருந்தனர் என்பது 2024 இல் வெளியான அவ்வறிக்கையில் தெரியவந்தது. இறந்தவர்களின் பெயரிலும் ரவைகள் வாங்கப்பட்டிருந்தன.

தேர்தலும் துப்பாக்கியும்

ஆயுதம் தாங்கிய மக்களை எவராலும் அடிமைப்படுத்த முடியாது என்பது பொல்சனாரோ அடிக்கடி கூறிவந்த கருத்து. துப்பாக்கி கொள்ளையனுக்கெதிரான காவல் என்ற வாதம் இங்கே அரசியல் எதிரிக்கெதிரான காவல் என்ற வாதமாக மாறியதை நாம் கவனிக்க வேண்டும். 2022 தேர்தல் காலத்தில் இதன் விளைவுகள் வெளிப்படலாயின. அவ்வாண்டு செப்டெம்பரில் சமஷ்டி உயர் நீதிமன்றம், அரசியல் வன்முறையின் அபாயத்தைச் சுட்டிக்காட்டி, ஆணைகளின் முக்கிய பகுதிகளை இடைநிறுத்தியது. 2021 ஏப்ரலிலும் மற்றொரு தொகுதி ஆணைகளின் பகுதிகளை அந்நீதிமன்றத்தின் நீதியரசர் ரோசா வெபர் இடைநிறுத்தியிருந்தார். தேர்தல் நீதிமன்றமோ வாக்களிப்பு நிலையங்களைச் சுற்றி நூறு மீற்றர் எல்லைக்குள் துப்பாக்கி கொண்டுவருவதைத் தடை செய்தது.

2022 ஒக்டோபர் 23 ஆம் திகதி, அதாவது சர்வஜன வாக்கெடுப்பு நடந்து சரியாகப் பதினேழு ஆண்டுகள் பூர்த்தியான நாளில், முன்னாள் பாராளுமன்ற உறுப்பினர் றொபேர்ட்டோ ஜெபர்சன் தம்மைக் கைது செய்யவந்த சமஷ்டிப் பொலிஸார் மீது துப்பாக்கியால் சுட்டும் கைக்குண்டு வீசியும் தாக்கினார். அவ்வாண்டு நத்தார் தினத்துக்கு முதல்நாள், தலைநகர் பிரசீலியாவின் விமான நிலையத்துக்கு அருகில் எரிபொருள் தாங்கி வாகனமொன்றில் வெடிகுண்டு வைக்கப்பட்டது. அது வெடிக்குமுன் கண்டுபிடிக்கப்பட்டது. கைது செய்யப்பட்டவர் மேற்கூறிய மூன்று பிரிவுகளின் கீழ் பதிவு பெற்றவர். அவர் தங்கியிருந்த இடத்தில் பெருந்தொகையான ஆயுதங்கள் மீட்கப்பட்டன.

மீண்டும் வந்த கேள்வி

2023 ஜனவரி முதலாம் திகதி மூன்றாவது தடவையாகப் பதவியேற்ற லூலா, அன்றைய தினமே புதிய ஆணையொன்றைப் பிறப்பித்தார். சேகரிப்போர், வீரர், வேட்டைக்காரர் என்ற வகையிலான புதிய பதிவுகளும் புதிய துப்பாக்கிச் சுடுதல் கழகங்களும் நிறுத்தப்பட்டன. 2019 மே மாதத்துக்குப் பின்னர் வாங்கப்பட்ட துப்பாக்கிகள் அனைத்தையும் சமஷ்டிப் பொலிஸில் மீளப் பதிவு செய்ய வேண்டுமென உத்தரவிடப்பட்டது. ஒன்பது இலட்சத்துக்கும் மேற்பட்ட துப்பாக்கிகள் அவ்வாறு பதிவாகின. சில ஆண்டுகளுக்குள் எத்தனை துப்பாக்கிகள் வீடுகளுக்குள் சென்றிருந்தன என்பதை அந்த எண்ணிக்கை உணர்த்தியது. அவ்வாண்டு நடுப்பகுதியில், தேவையை அரசே கருதிக்கொள்ளும் ஏற்பாடு சட்டத்துக்கு முரணானது என்று உயர் நீதிமன்றமும் தீர்த்தது.

2023 ஜூலை 21 ஆம் திகதிய ஆணை தற்போதைய ஒழுங்கின் அடிப்படையாகும். தற்பாதுகாப்புக்காக ஒருவர் இரண்டு துப்பாக்கிகளையே வைத்திருக்கலாம். ஒவ்வொன்றுக்கும் வருடத்துக்கு ஐம்பது ரவைகள். தேவையை விண்ணப்பதாரரே நிரூபிக்க வேண்டும். பதிவு தற்பாதுகாப்புக்கு ஐந்து வருடங்களும் ஏனையோருக்கு மூன்று வருடங்களும் செல்லுபடியாகும். ஒன்பது மில்லிமீற்றர் துப்பாக்கி மீண்டும் கட்டுப்படுத்தப்பட்ட ரகமாயிற்று. குறிசுடும் வீரர்கள் பயிற்சியினதும் போட்டியினதும் அளவுக்கேற்ப மூன்று படிகளாக வகுக்கப்பட்டு, முறையே நான்கு, எட்டு, பதினாறு துப்பாக்கிகள் என வரையறை செய்யப்பட்டனர். பாடசாலைகளுக்கு அருகே சுடுதல் கழகங்கள் இயங்குவதற்கு விதிக்கப்பட்ட கட்டுப்பாடு, கழகங்களின் எதிர்ப்பையடுத்து 2024 இறுதியில் ஓரளவு தளர்த்தப்பட்டது. இம்மூன்று பிரிவினரின் மேற்பார்வை 2025 ஜூலை முதலாம் திகதி இராணுவத்திடமிருந்து சமஷ்டிப் பொலிஸுக்கு மாற்றப்பட்டது. இவ்வாறு, இரு பதிவுகளாகப் பிரிந்து கிடந்த பொதுமக்களின் துப்பாக்கிகள் ஒரே நிறுவனத்தின் பொறுப்பில் வந்துள்ளன.

ரவையின் தடம்

துப்பாக்கியைப் பற்றியே பேசுவோர் ரவையை மறந்துவிடுவதுண்டு. அரச நிறுவனங்களுக்கு விற்கப்படும் ரவைகளின் அடிப்பாகத்தில் தொகுதி இலக்கம் பொறிக்கப்பட வேண்டும் என்று 2003 ஆம் ஆண்டின் சட்டம் விதிக்கின்றது. 2018 மார்ச் 14 ஆம் திகதி றியோ நகரசபை உறுப்பினர் மரியெல் பிராங்கோவும் அவரது வாகனச் சாரதியும் சுட்டுக் கொல்லப்பட்டபோது, அங்கு கிடந்த வெற்று ரவைக் கோதுகளின் இலக்கம், அவை 2006 இல் சமஷ்டிப் பொலிஸுக்கு விற்கப்பட்ட தொகுதியைச் சேர்ந்தவை என்று காட்டியது. அரசின் களஞ்சியத்திலிருந்து வெளியேறிய ரவை மக்கள் பிரதிநிதி ஒருவரைக் கொன்றது என்ற செய்தி நாட்டையே உலுக்கியது. ஆனால் அத்தொகுதி மிகப் பெரியதாகையால், அது எங்கிருந்து, எவர் கையால் வெளியேறியது என்பதை இலக்கம் மாத்திரம் காட்டித்தர முடியவில்லை. ஆயுதங்களினதும் ரவைகளினதும் தடத்தை மேலும் நுணுக்கமாகப் பின்தொடர வகைசெய்யும் இராணுவ ஒழுங்குவிதிகள் 2020 மார்ச்சில் வெளியாகியபோது, அடுத்த மாதமே பொல்சனாரோவின் பணிப்பின் பேரில் அவை இரத்துச் செய்யப்பட்டன. சட்டப்படி நடக்கும் பிரஜையின் சுதந்திரத்துக்கும் இந்த இரத்துக்கும் உள்ள தொடர்பு எது என்பதை எவரும் விளக்கியதாக நாம் அறியோம்.

புள்ளிவிபரங்கள் கூறுவது

துப்பாக்கி ஆதரவாளர்கள் ஒரு வலுவான வாதத்தை முன்வைக்கின்றனர். 2017 இல் பிரேசிலில் 65,602 பேர் கொலையுண்டனர். அதுவே அந்நாட்டு வரலாற்றின் உச்சம். கட்டுப்பாடு நடைமுறையில் இருந்த காலத்தில்தான் அந்த உச்சம் நிகழ்ந்தது. துப்பாக்கிகள் பெருகிய 2019 இல் தொகை நாற்பத்தையாயிரத்துச் சொச்சமாகக் குறைந்தது. அப்படியாயின் கட்டுப்பாட்டால் என்ன பயன்?

இவ்வாதத்தை ஏளனம் செய்து ஒதுக்குவது முறையன்று. ஆனால் 2017 இன் உச்சத்துக்குப் பெருங்காரணமாக ஆய்வாளர்கள் காட்டுவது, சாவோ பவுலோவைத் தளமாகக் கொண்ட சிறைக் கும்பலுக்கும் றியோவைத் தளமாகக் கொண்ட கும்பலுக்கும் இடையே 2016 இல் முறிந்த உடன்பாட்டையும், அதைத் தொடர்ந்து வட மாநிலங்களின் சிறைகளிலும் வீதிகளிலும் மூண்ட போரையுமாகும். அப்போர் தணிந்ததும் கொலைகளும் குறைந்தன. அக்குறைவு 2018 இலேயே, அதாவது பொல்சனாரோ பதவியேற்குமுன்னரே தொடங்கிவிட்டது. இளைஞர் தொகை குறைந்து வருவதும் சில மாநிலங்களின் பொலிஸ் சீர்திருத்தங்களும் ஏனைய காரணங்கள். கட்டுப்பாடு மீண்டும் இறுக்கப்பட்ட 2023 இலும் தொகை உயரவில்லை. ஆகவே, ஆண்டுத் தொகையைக் கொண்டு சட்டமொன்றைப் புகழ்வதும் இகழ்வதும் இரு தரப்பினருக்கும் ஆபத்தான விளையாட்டு.

எனினும் இரு விடயங்களில் ஐயமில்லை. ஒன்று, சட்டபூர்வமாக விற்கப்படும் துப்பாக்கி சட்டபூர்வமான கையிலேயே என்றும் தங்கிவிடுவதில்லை. பரகுவே எல்லையூடான கடத்தல் உண்மையே. ஆனால் றியோவில் குற்றவாளிகளிடமிருந்து கைப்பற்றப்பட்ட ஆயுதங்களின் தடத்தைப் பின்தொடர்ந்தபோது, அவற்றுட் பெருந்தொகையானவை உள்நாட்டுக் கடைகளில் முறைப்படி விற்கப்பட்டவை என்பதைப் பாராளுமன்ற விசாரணைக் குழுவொன்று 2006 இலேயே வெளிக்கொணர்ந்தது. திருட்டு, இரகசிய விற்பனை, தனியார் பாதுகாப்பு நிறுவனங்களின் கவனயீனம் ஆகியவையே அவற்றின் வழிகள். மற்றையது, துப்பாக்கியின் அபாயம் வீட்டுக்குள்ளும் இருப்பது. 2019 ஒக்டோபரில் இயற்றப்பட்ட சட்டமொன்று, வீட்டு வன்முறை பற்றி முறைப்பாடு கிடைத்தால், தாக்கியவர் பெயரில் துப்பாக்கி பதிவு உள்ளதா என்று பொலிஸார் உடன் ஆராய வேண்டும் என்றும், நீதிபதி அதனைக் கைப்பற்ற உத்தரவிட வேண்டும் என்றும் விதிக்கின்றது. பொல்சனாரோ காலத்திலேயே இது சட்டமானது என்பதும் குறிப்பிடத்தக்கது. பதிவு இல்லையேல் இந்தச் சட்டம் வெறும் காகிதமாகவே இருக்கும்.

எமது நோக்கு

கொலையுண்போரில் நால்வரில் மூவர் கறுப்பினத்தவரும் கலப்பினத்தவருமாக இருக்கும் ஒரு நாட்டில், தற்பாதுகாப்பு உரிமை பற்றிய உரத்த குரல்கள் பெரும்பாலும் ஒலிப்பது அவர்களது குடியிருப்புகளிலிருந்து அன்று. உளவியலாளருக்கும் பயிற்றுநருக்கும் பணம் செலுத்தி, துப்பாக்கியையும் வாங்கும் வசதி அவர்களிடம் இல்லை. அனுமதிப்பத்திரம் எளிதாகும்போது அதனைப் பெறுபவர் ஒருவர். அந்தத் துப்பாக்கி கைமாறும்போது அதன் முன்னால் நிற்பவர் பெரும்பாலும் வேறொருவர். இதனை நீதியின் பிரச்சினையாகவே நாம் காண்கின்றோம்.

அதேவேளை, 2005 இல் 'இல்லை' என்றவர்களின் கேள்வி இன்னும் முழுமையாகப் பதிலளிக்கப்படவில்லை. அவசர வேளையில் பொலிஸ் வராத தெருவில் வாழ்பவரிடம், உமது தேவையை நிரூபியும் என்று கேட்கும் அரசு, அவரது பாதுகாப்புக்குத் தானும் பதில்சொல்லக் கடமைப்பட்டுள்ளது. அக்கடமையை நிறைவேற்றாமல் கட்டுப்பாட்டை மட்டும் இறுக்கும் ஆட்சி, அடுத்த தேர்தலில் அக்கட்டுப்பாட்டைத் தளர்த்துவோருக்கே வழிசமைத்துக் கொடுக்கின்றது.

இருபதாண்டு அனுபவத்தில் பிரேசில் கற்றுக்கொண்டதாக நாம் கருதும் பாடம் இதுவே: ஆணையொன்றை மறுநாளே மற்றொரு ஆணையால் மாற்றிவிடலாம், ஆனால் முன்னைய ஆணையின் கீழ் விற்கப்பட்ட துப்பாக்கி, நன்கு பேணப்பட்டால், அதனை வாங்கியவரின் பேரப்பிள்ளைகளின் காலத்திலும் சுடும். 2019 முதல் 2022 வரை வீடுகளுக்குள் சென்ற துப்பாக்கிகளில் பெரும்பாலானவை, வாங்கும்போது சட்டபூர்வமானவையாக இருந்தமையால், இன்றும் உரியவர்களிடமே இருக்கின்றன. அவற்றைத் திரும்பப் பெற எந்த ஆட்சியினாலும் இலகுவில் முடியாது. ஆகவே, இத்தகைய விடயத்தில் ஒவ்வொரு ஜனாதிபதியும் தத்தம் விருப்பப்படி எழுதி மாற்றக்கூடிய இடைவெளியை அந்நாட்டுப் பாராளுமன்றம் சட்டத்தினுள் விட்டுவைக்கலாகாது. 'உண்மையான தேவை' என்பதன் பொருளையும், அதனை நிரூபிக்க வேண்டியவர் யார் என்பதையும் ஆணைகளில் அல்லாமல் சட்டத்திலேயே ஐயத்துக்கிடமின்றி எழுதிவைப்பதே முறையாகும். அது நடைபெறும்வரை, அடுத்த ஆட்சி மாற்றத்தின் மறுநாள் துப்பாக்கிக் கடைகளின் கதவு எந்தப் பக்கம் திறக்கும் என்பதைப் பிரேசில் மக்கள் காத்திருந்தே அறிய வேண்டியிருக்கும்.